கடல்குதிரை ஏஜென்சீஸ்

பயணம் முடிந்து வீடு திரும்பிய நாலாம் நாள், ஞாயிற்றுக்கிழமை காலை, வங்கியிலிருந்து கார்டு கணக்கு வந்தது. அவள் அதைக் கைப்பேசியில் படிக்கவில்லை. தெருமுனைக் கடையில் அச்செடுத்து வந்து சாப்பாட்டு மேசையில் விரித்தாள். பென்சிலைச் சீவிக்கொண்டாள். பயணத்தில் சேர்ந்த பில்கள் ஒரு பிளாஸ்டிக் உறையில் நாள்வாரியாக இருந்தன.

மருந்துக் கடையில் பதினான்கு வருடமாக மருந்து எடுத்துக் கொடுப்பவள் அவள். சீட்டை ஒரு முறை பார்ப்பாள், டப்பாவை ஒரு முறை, கையில் கொடுக்கும்போது இன்னொரு முறை. அந்தப் பழக்கம் கடையைப் பூட்டியதும் நின்றுவிடாது. வீடு வரை கூடவே வரும்.

ஓட்டல். சரி. ரயில். சரி. படகு. சரி. தொப்பி. சரி.

கடல்குதிரை ஏஜென்சீஸ். நாலாயிரத்து இருநூற்றுப் பத்து.

பென்சில் நின்றது.

உறையைத் தலைகீழாகக் கொட்டினாள். அந்தப் பெயரில் பில் இல்லை. அந்தத் தொகைக்கும் பில் இல்லை. பெயரைப் பார்த்தால் பொம்மைக் கடை போலவும் இருந்தது, மதுக்கடை போலவும் இருந்தது. தேதியைப் பார்த்தாள். வியாழக்கிழமை.

வியாழக்கிழமை கார்டு வள்ளலிடம் இருந்தது.

வள்ளல் அவள் கணவரின் தம்பி. முப்பத்து நாலு வயது. அந்தப் பெயரை வைத்தது குடும்பம். வைத்த காரணம், பதினோரு குடைகள். கொட்டுகிற மழையில் நனைந்துகொண்டே குடை விற்றவனைப் பார்த்து மனம் தாங்காமல், இருந்ததை எல்லாம் மொத்தமாக வாங்கிவிட்டான். அது வீட்டு வாடகைப் பணம். நடந்து மூன்று வருடமாகிறது. அதற்குப் பிறகு ஒரு பைசா வம்பு இல்லை. ஆனால் பெயர் ஒட்டிக்கொண்டது.

வேறு நாளாக இருந்தால் அவள் இவ்வளவு கலங்கியிருக்க மாட்டாள். மருந்துக் கடையில் கல்லாவில் இருந்தவன் கல்லாவிலேயே கை வைத்துப் போய்விட்டான். முதலாளி அவளைக் கூப்பிட்டுச் சொல்லியிருந்தார்: "வெளியாளே வேண்டாம்மா. உங்க கொழுந்தன் சும்மாதானே இருக்கார்? அவரை நம்பலாம்னு நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க, போதும். திங்கட்கிழமை சொல்லுங்க."

நாளைதான் திங்கட்கிழமை. வள்ளல் அடுத்த அறையில் நாளைக்கான சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தான். பாட்டு வேறு.

"வள்ளலே."

"அண்ணி."

"வியாழக்கிழமை கார்டு உன்கிட்டதானே இருந்துச்சு?"

"ஆமா. தொப்பி வாங்கினேன். வாங்கிக்கோன்னு சொன்னதும் நீங்கதான், தலையில பானையைக் கவுத்த மாதிரி இருக்குன்னு சொன்னதும் நீங்கதான்."

"தொப்பிக்கு பில் இருக்கு. வேற?"

"வேற ஒண்ணும் இல்லையே."

"கடல்குதிரை ஏஜென்சீஸ்."

"அது என்ன, மீன் கடையா?"

"அதைத்தான் உன்கிட்ட கேக்கறேன்."

பாட்டு நின்றது. வள்ளல் மேசைக்கு வந்து தாளைப் பார்த்தான். தொகையைப் பார்த்தான். பிறகு அண்ணியின் முகத்தைப் பார்த்தான். அவனுக்கு விஷயம் புரிந்தது.

"அண்ணி, சத்தியமா நான் இல்ல. தொப்பியை வாங்கின கையோட கார்டைத் திருப்பிக் குடுத்துட்டேன். பேங்குக்குப் போன் போடுங்க. என் முன்னாடியே போடுங்க."

அவளுக்கும் அவனை நம்பத்தான் ஆசை. பதினோரு குடைகள் குறுக்கே வந்து நின்றன. எண்ணை அழுத்தி, ஒலிபெருக்கியைப் போட்டு, கைப்பேசியை மேசை நடுவில் வைத்தாள். ஒன்பது நிமிடம் இருவரும் புல்லாங்குழல் கேட்டார்கள். பிறகு ஒரு பெண் வந்தாள்.

"கார்டு உங்க கையில இருக்கா மேடம்?"

"இருக்கு."

"கடையில மெஷின்ல கார்டைத் தொட்டுதான் பணம் போயிருக்கு. பகல் மூணு அஞ்சுக்கு. வெளியில போர்டுல வேற பேர் இருக்கலாம், இது பதிவுப் பேரு. என்ன வகைக் கடைன்னு பாக்கறேன், இருங்க. இரும்புச் சாமான், மெஷின் உதிரி பாகம்னு இருக்கு."

"இரும்புச் சாமானா?"

"ஆமா மேடம். புகார் பதிவு பண்ணட்டுமா? பண்ணா இந்தக் கார்டு நின்னுடும், புதுசு அனுப்புவோம். உங்க வீட்டுல யாரும் இதை வாங்கலைன்னு மட்டும் நீங்க உறுதியாச் சொல்லணும்."

அவள் நிமிர்ந்து வள்ளலைப் பார்த்தாள். இரும்பு என்ற சொல் காதில் விழுந்ததும் அவன் முகத்தில் ஒரு வெளிச்சம் வந்தது. வந்த வேகத்தில் அவனே அதை அணைத்தான்.

"அண்ணி, வச்சிடுங்க. நான்தான்."

"என்னது?"

"நான்தான் வாங்கினேன். மறந்துட்டேன்."

அவள் கைப்பேசியிடம் சொன்னாள்: "கொஞ்சம் பொறுத்துப் பேசலாமா?"

"பத்து நிமிஷத்துல நாங்களே கூப்பிடறோம் மேடம்," என்றது கைப்பேசி.

அவள் தாளை மடித்தாள். நாளைக்கு முதலாளியிடம் என்ன சொல்வது?

"என்ன வாங்கினே?"

"ஆணி."

"நாலாயிரத்துக்கு ஆணியா? கப்பல் கட்டப் போறியா?"

"கொஞ்சம் நல்ல ஆணி அண்ணி."

"எங்க அது?"

"கடல்ல விழுந்துடுச்சு."

"அத்தனையுமா?"

"ஒரே பையில இருந்துச்சு."

பொய் மருந்துச் சீட்டோடு வருகிறவர்களை அவள் நிறையப் பார்த்திருக்கிறாள். அவர்கள் கண்ணைப் பார்த்துப் பேசுவார்கள். கேட்பதற்கு முன்பே பதிலை எடுத்து வைப்பார்கள். இவன் உப்பு டப்பாவைப் பார்த்துப் பேசினான். காது இரண்டும் சிவந்திருந்தன. அடுத்த அறையிலிருந்து கருகல் வாசனை வந்தது.

"சட்டை!"

ஓடிப்போய் எடுத்து வந்தான். கீழ் விளிம்பில் இஸ்திரிப் பெட்டியின் மூக்கு பழுப்பாகப் பதிந்திருந்தது.

"உள்ள சொருகிக்கலாம்," என்றான்.

தான் இல்லை என்று சத்தியம் செய்தவன், இரும்பு என்றதும் ஒப்புக்கொண்டான். அவள் கணக்கை முதலிலிருந்து பார்த்தாள். பயணம் போனது மூன்று பேர். அவள் கேட்டது ஒருவனை.

"கார்டைத் திருப்பிக் குடுத்தேன்னியே. யார்கிட்ட குடுத்தே?"

வள்ளல் விட்டத்தைப் பார்த்தான். "நீங்க தூங்கிட்டிருந்தீங்க."

"அது எனக்கே தெரியும். யார்கிட்ட?"

பதில் சொல்ல வேண்டிய ஆள் அப்போது கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்தார்.

அவள் கணவரைத் தெருவில் எல்லோரும் லிஃப்ட்காரர் என்பார்கள். பழுது பார்ப்பதுதான் வேலை. எந்தக் கட்டடத்தில் யார் மாட்டிக்கொண்டாலும் ஞாயிறு என்று பார்க்காமல் போவார். அவராகக் கடைக்குப் போய் ஒரு கைக்குட்டை வாங்கியதில்லை. அதனால்தான் அவள் சந்தேகம் அவர் பக்கம் திரும்பவே இல்லை.

கல்யாணமான புதிதில் இருவரும் ஒரு பயணம் போனார்கள். அதில் ஒன்றரை நாள் அவர் ஓட்டல் லிஃப்டின் கூரைமேல் உட்கார்ந்திருந்தார். அடுத்த பயணத்துக்குப் பதினெட்டு வருடமானது. இந்தத் தடவை கிளம்புவதற்கு முன் அவள் பெட்டியைச் சோதனை போட்டு, இரண்டு ஸ்குரூடிரைவரை வெளியே எடுத்துவைத்தாள். பத்து நாள் எந்தக் கருவியையும் தொடமாட்டேன் என்று அவள் தலையில் கை வைத்துச் சத்தியமும் செய்தார்.

இப்போது அவளுக்கு அந்த ஓட்டல் லிஃப்ட் ஞாபகம் வந்தது. முதல் மூன்று நாள் அதன் கதவு கழுத்தைப் பிடித்த வாத்து மாதிரி கத்தியது. அதற்கப்புறம் கத்தவில்லை. காது பழகிவிட்டது என்று நினைத்திருந்தாள்.

"ஏங்க, அந்த ஓட்டல் லிஃப்ட் கதவு எப்படிங்க சரியாச்சு?"

அவர் ஒரு செருப்பைக் கழற்றியிருந்தார். இன்னொன்று காலிலேயே நின்றது. தம்பியைப் பார்த்தார்.

"சொல்லிட்டியாடா?"

"ஆணின்னு சொல்லியிருக்கேண்ணா."

"ஆணியா? பேரிங்டா அது!"

சொன்ன பிறகுதான் சொன்னது அவருக்குத் தெரிந்தது. அவள் நாற்காலியை அவர் பக்கம் தள்ளினாள். அவர் உட்கார்ந்து, கேட்காமலே எல்லாவற்றையும் ஒப்பித்தார்.

"நாலு பேரிங். ஒரு டப்பா கிரீஸ். ஒரு ஸ்பேனர் செட்."

"ஸ்பேனரா? வீட்டுல மூணு செட் கிடக்கே."

"நீதானே சோதனை போட்டே. எடுத்துட்டு வர முடியுமா?"

"ஓட்டல்காரர்கிட்ட காசு கேக்கலையா?"

"அவருக்கே தெரியாது. நீ தூங்கறப்ப போட்டேன். இவன் கதவைப் பிடிச்சுக்கிட்டு நின்னான். ஸ்பேனரை வாட்ச்மேன்கிட்ட குடுத்துட்டேன், நல்ல மனுஷன்."

"எங்க வாங்கினார்னு எனக்குத் தெரியாது அண்ணி," என்றான் வள்ளல் அவசரமாக. "சத்தியமா."

"சத்தியம் பண்ணீங்களே," என்றாள் அவள் கணவரிடம்.

"பண்ணேன். மூணு நாள் காதைப் பொத்திக்கிட்டு இருந்தேன். அதுக்கு மேல முடியல. அந்தக் கதவு அழுதுச்சும்மா."

கோபப்படத்தான் வாயைத் திறந்தாள். சிரிப்புதான் வந்தது. அடக்கப் பார்த்து, முடியாமல், மேசையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டாள். கைப்பேசி அடித்தது.

"மேடம், அந்தப் புகாரைப் பதிவு பண்ணலாமா?"

"வேண்டாம்மா. ஆள் கிடைச்சாச்சு."

"அப்படியா? போலீஸ்ல சொல்லிட்டீங்களா?"

"இல்ல. பதினெட்டு வருஷம் முன்னாடியே கல்யாணம் பண்ணிக்கிட்டேன்."

வங்கிப் பெண் சிரிப்பை விழுங்கி, வேறு ஏதாவது உதவி வேண்டுமா என்று கேட்டாள். அவள் வேண்டாம் என்று சொல்லிப் போனை வைத்தாள்.

லிஃப்ட்காரர் குளிக்கப் போய்விட்டார். தப்பித்தோம் என்று அவர் போகும் வேகமே சொன்னது. அவள் கொழுந்தன் பக்கம் திரும்பினாள்.

"நீதான் வாங்கினேன்னு நான் நம்பியிருந்தா நாளைக்கு உன் வேலை போயிருக்கும். தெரியுமா?"

"தெரியும்."

"தெரிஞ்சுமா சொன்னே?"

"அண்ணன் உங்க தலையில கை வச்சுல்ல சத்தியம் பண்ணியிருக்கார்? பயமா இருந்துச்சு."

"தலைக்கு ஒண்ணும் ஆகல." அவள் தாளை விரித்து, கடல்குதிரைக்கு எதிரே ஒரு டிக் போட்டாள். "மூணு பேர் போனோம். உன்னை மட்டும் கேட்டேன். தப்பு என் மேல."

"விடுங்க அண்ணி. நீங்க கேக்கலைன்னாதான் அதிசயம்." சட்டையைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தான். "இது நிஜமாவே உள்ள சொருகினா தெரியாது, இல்ல?"

மறுநாள் காலை முதலாளி தானே கல்லாவில் உட்கார்ந்து சில்லறையோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். அவளைப் பார்த்ததும் மூக்குக்கண்ணாடியை ஏற்றிக்கொண்டார்.

"என்னம்மா, சொல்லுங்க. ஆள் எப்படி? பொய் கிய் சொல்லுவாரா?"

"சொல்லுவான் சார். நேத்துதான் ஒண்ணு சொன்னான்."

முதலாளியின் கை சில்லறைமேல் நின்றது.

"அண்ணனைக் காப்பாத்தறதுக்காகச் சொன்னான். மூணு கேள்வி தாங்கல. காது சிவந்துபோச்சு, பக்கத்து ரூம்ல சட்டையைத் தீய விட்டுட்டான். இவன் கல்லாவுல கை வச்சா நீங்க எண்ணிப் பாக்கவே வேண்டாம் சார். மூஞ்சியைப் பாத்தா போதும்."

முதலாளி யோசித்தார். கல்லாவில் கை வைத்துப் போன ஆள் எப்போதும் கண்ணைப் பார்த்துத்தான் பேசுவான்.

"நீங்க பொறுப்பு?"

"நான் பொறுப்பு."

கண்ணாடிக் கதவுக்கு வெளியே வள்ளல் சட்டையை இன்னும் கொஞ்சம் உள்ளே சொருகிக்கொண்டிருந்தான். முதலாளி நாற்காலியை விட்டு எழுந்து, இடுப்பைப் பிடித்துக்கொண்டு நகர்ந்தார்.

"வரச் சொல்லுங்க. இந்தச் சில்லறையோட என்னால ஆகாது."