உதவியாள் படி

என் வீட்டுக்காரருக்கு யாருடைய உதவியும் தேவையில்லை. இதை நான் சொல்லவில்லை. போன தடவை மெடிக்கல் போர்டில் டாக்டர் முன்னால் விறைப்பாக நின்றுகொண்டு அவரே சொன்னது: "எல்லாம் சுயமா செஞ்சுக்கறேன் சார்!" டாக்டரும் அப்படியே எழுதிக்கொண்டார். அதோடு உதவியாள் படி நின்றுபோனது.

அவர் தமிழ்மாறன், முன்னாள் ஹவில்தார். எல்லையில் கண்ணிவெடி வெடித்ததில் வலது கை முழங்கையோடு போய்விட்டது. இடது கையில் கட்டைவிரலும் சுண்டுவிரலும்தான் மிச்சம். நூறு சதவீத ஊனம் என்று ஓய்வூதியம் ஒழுங்காக வருகிறது; அதில் குறை சொன்னால் என் நாக்கு அழுகிவிடும். அதற்கு மேல், கூடவே ஒரு ஆள் இல்லாமல் முடியாது என்கிறவர்களுக்கு உதவியாள் படி என்று தனியாக ஒன்று தருகிறார்கள். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கமாட்டார் என்பார்கள். எங்கள் விஷயத்தில் சாமியும் தயார், பூசாரியும் தயார். வேண்டிக்கொள்ளப் போனவர்தான் வரம் வேண்டாம் என்று திரும்பி வந்தார்.

வேண்டுமென்றே பொய் சொல்லியிருந்தால்கூட என் மனம் ஆறியிருக்கும். அவர் அதை நிஜமாகவே நம்புகிறார். சோற்றைப் பிசைந்து ஸ்பூனை எட்டும்படி வைத்தால் தானே எடுத்துச் சாப்பிடுவார். பிசைந்தது யார் என்பது அவர் கணக்கில் வராது. சட்டையை மாட்டிப் பொத்தான் போட்டுவிட்டால், காலரைத் தாடையால் தள்ளித் தானே சரிசெய்துகொள்வார். பல் தேய்ப்பது, சவரம், குளியல், கொல்லைப்பக்கம் போய்வருவது எல்லாவற்றுக்கும் என் கைதான். ஆனால் அவருடைய எண்ணத்தில் அதெல்லாம் தானாக நடக்கிறது. நான் ஒரு ஆள் என்றே அவருக்குத் தோன்றியதில்லை.

மனு மேல் மனு போட்டு, மறுபடி பார்க்கச் சொல்லி உத்தரவு வாங்கினேன். தஞ்சாவூரிலேயே ஒரு கல்யாண மண்டபத்தில் முகாம் போட்டு மருத்துவக் குழு வருகிறது என்றார்கள். வந்த நாளைப் பாருங்கள், எங்களுக்கு அன்றைக்குத்தான் நடவு. நாற்றுப் பறித்துப் போட்டாயிற்று, ஆளும் சொல்லியாயிற்று. அவருடைய அப்பாவும் அம்மாவும் காலமெல்லாம் பிறத்தியார் வயலில் சேறு மிதித்தவர்கள். இந்த நாலு மா நிலம் அவர் பட்டாளத்துச் சம்பளத்தில் வாங்கியது. அதில் நடவு நடக்கும்போது நான் வரப்பில் இல்லாமல் பஸ்ஸில் உட்கார்ந்திருந்தேன். இந்தப் படி வந்தால் வயலைப் பார்த்துக்கொள்ள நிரந்தரமாக ஒருவரை வைக்கலாம். எனக்கு இருப்பது ஒரு உடம்பு. அதை எத்தனை இடத்தில் கொண்டுபோய் நிறுத்துவது?

அய்யம்பேட்டை தாண்டவில்லை, நடவாட்களைக் கூட்டி வந்த அம்சம் அக்கா போன் செய்துவிட்டார்.

"மலரு, வாய்க்கா தண்ணி ஏறிக்கிட்டே வருது. நட்ட நாத்து முங்கிடும்போல இருக்கு. என்ன பண்ணட்டும்?"

"கீழ் வரப்பை வெட்டி வடிய விடுங்கக்கா."

"வெட்டினா பக்கத்து வயக்காரரு சண்டைக்கு வருவாரே. நீ வர்றியா இல்லியா?"

நான் சொல்லிச் சமாளிப்பதைக் கேட்டுக்கொண்டிருந்தவர், போனை வைத்ததும் ஆரம்பித்தார். "எதுக்கு இப்படித் தவிச்சுக்கிட்டு வர்ற? அடுத்த ஸ்டாப்புல எறங்கி வயலுக்குப் போ. நான் பார்த்துட்டு வந்துடறேன்."

"திரும்பி வர்றப்ப டிக்கெட் யாரு எடுப்பா?"

"கண்டக்டர் என் பையில கைய விட்டு எடுத்துக்கட்டும்."

"ஒண்ணுக்கு வந்தா?"

அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். கேட்டிருக்கக் கூடாதுதான். ஆனால் எனக்கும் வாய் இருக்கிறதே.

கொஞ்ச தூரம் போனதும் கெஞ்சிப் பார்த்தேன். "இன்னிக்கு மட்டும், முடியலன்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்க."

"முடியாதுங்கிற வார்த்தைய பட்டாளத்துல சொல்லிக் குடுக்கல."

"அப்ப நான் சொல்லித் தரட்டுமா?"

முன் சீட்டில் இருந்த பெண்கள் சிரித்தார்கள். அவரும் சிரித்துவிட்டார். எனக்குத்தான் சிரிப்பு வரவில்லை.

மண்டபத்தில் அவரால் ஒரு இடத்தில் உட்கார முடியவில்லை. உட்காருவார், எழுவார், வாசல் வரை போய் எட்டிப் பார்ப்பார், திரும்பி வந்து இன்னும் எத்தனை பேர் என்பார். நானும் போனை எடுத்துப் பார்ப்பதும் பையில் போடுவதுமாக இருந்தேன். பக்கத்து வயல்காரர் சத்தம் போட்டுவிட்டுப் போனார் என்று அம்சம் அக்கா சொன்னார். பாதி வயல்தான் நட்டிருந்தார்களாம். எழுந்து ஓடிவிடலாமா என்றிருந்தது.

அழைத்தார்கள். மேசைக்குப் பின்னால் இரண்டு ஆண் டாக்டர்கள், நடுவில் ஒரு பெண் டாக்டர். மேஜராம், என்னைவிட இளையவர். அவர்தான் கேட்டார்.

"அன்றாட வேலைக்கெல்லாம் யாராவது உதவி பண்றாங்களா?"

"இல்ல மேடம். சுயமா செஞ்சுக்கறேன்."

பக்கத்திலேயே நிற்கிறேன், என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"சரி, சட்டையைக் கழட்டுங்க. கையைப் பார்க்கணும்."

காலையில் டி-ஷர்ட் போதும் என்று எவ்வளவோ சொன்னேன். ஆபீசர் முன்னால் அப்படிப் போய் நிற்க முடியாது என்று இஸ்திரி போட்ட முழுக்கைச் சட்டைதான் வேண்டும் என்றார். இப்போது வழக்கம்போல நெஞ்சை என் பக்கம் திருப்பிக்கொண்டு, முகத்தை டாக்டர் பக்கம் வைத்துக்கொண்டு நின்றார். என் கைகள் தாமாகவே எழுந்தன. எழுந்த கைகளை இழுத்து முந்தானைக்குள் சுருட்டிக்கொண்டேன்.

அவர் காத்திருந்தார். பிறகு, "மலரு" என்றார்.

நான் அசையவில்லை.

டாக்டர் என்னைப் பார்த்தார். "கொஞ்சம் கழட்டி விடுங்கம்மா."

"உதவிக்கு யாரும் இல்லேன்னு அவருதான் சொன்னாரே டாக்டர்."

சொன்னதும் என் குரல் எனக்கே பிடிக்கவில்லை. என் வீட்டுக்காரர் என்னைத் திரும்பிப் பார்த்தார். கோபம்தான். பிறகு, இதென்ன பிரமாதம் என்பதுபோல அந்த இரண்டு விரலையும் கழுத்துப் பொத்தானுக்குக் கொண்டுபோனார். பொத்தான் வழுக்கியது. மறுபடி பிடித்தார், மறுபடி வழுக்கியது. தலையைக் குனிந்து பல்லால் கடித்து இழுக்கப் பார்த்தார். வாய்க்குக் காலர்தான் எட்டியது. காது ஓரம் வியர்த்து வழிந்தது. என் பைக்குள் போன் அடித்தது. எடுக்கவில்லை. போய்ச் செய்துவிடு என்று உடம்பு முழுவதும் துடித்தது. பாவி, நிற்கிறாயே என்று என்னை நானே திட்டிக்கொண்டு நின்றேன்.

"போதும், விடுங்க" என்றார் டாக்டர்.

அவர் கையைக் கீழே போட்டார். ஈரமான காலர் ஒரு பக்கம் கோணிக்கொண்டு நின்றது. தரையைப் பார்த்தபடி சொன்னார்.

"எழுதிக்குங்க மேடம். இவதான் எனக்கு எல்லாம் செய்யறா. காலையில எழுந்ததுலேர்ந்து."

நான் போய்ப் பொத்தான்களைக் கழற்றினேன். வியர்வை ஈரத்தில் எனக்கும் அவை வழுக்கின.

உதவியாள் படிக்குப் பரிந்துரை செய்வதாக டாக்டர் சொன்னார். வெளியே வந்து அம்சம் அக்காவிடம் பேசினேன். தண்ணீர் வடிந்துவிட்டதாம், மாலைக்குள் மீதியையும் நட்டுவிடுவார்களாம். நினைத்தது அத்தனையும் நடந்திருந்தது. குதித்திருக்க வேண்டும் நான்.

திரும்பும் பஸ்ஸில் அவர் ஜன்னல் ஓரம் உட்கார்ந்தார். வெயில் அவர் பக்கம்தான் அடித்தது. உதட்டை நக்கிக்கொண்டார், எச்சிலை விழுங்கினார். தண்ணீர் பாட்டில் என் மடியில் இருந்தது. வேறு நாளாக இருந்தால் அவருக்குத் தாகம் என்று அவருக்கே தெரிவதற்கு முன் வாயில் வைத்திருப்பேன். அன்றைக்கு மூடியில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கொடுத்தால் குத்திக்காட்டுவதாக நினைப்பாரோ என்று பயமாக இருந்தது. அவரும் பாட்டிலைப் பார்ப்பார், பார்வையை எடுத்துக்கொள்வார்.

அய்யம்பேட்டை தாண்டித்தான் வாய் திறந்தார். வெளியாளிடம் கேட்பதுபோல, மெதுவாக.

"மலரு, உனக்குச் சிரமம் இல்லேன்னா கொஞ்சம் தண்ணி தர்றியா?"

கல்யாணமான நாளிலிருந்து அவர் என்னிடம் எதையும் இப்படிக் கேட்டதில்லை. ஒரு தடவையாவது கேட்கமாட்டாரா என்று எத்தனை நாள் ஏங்கியிருக்கிறேன். கேட்டபோது தாங்கவில்லை. மூடியைத் திறந்து பாட்டிலை அவர் உதட்டில் வைத்துவிட்டு, முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டு அழுதேன்.