வசவு மறந்த வாய்

எங்கள் லாரி பட்டறையில் அண்ணன் வாயைத் திறந்தால் காது கூசும். ஸ்பேனர் கை தவறினால் போதும், என் அம்மாவை இழுத்துத் திட்டுவார். அவருக்கும் அவள்தான் அம்மா என்பது அந்த நேரத்தில் நினைவிருக்காது. ஆனால் அந்த வசவுதான் என்னைக் காப்பாற்றி வந்தது. வண்டிக்கு அடியில் கிடக்கும்போது கெட்ட வார்த்தை காதில் விழுந்தால், என்ன ஏது என்று பார்க்காமல் உருண்டு வெளியே வந்துவிடுவேன். "தம்பி" என்று கூப்பிட்டால் டீ வந்திருக்கிறது என்று அர்த்தம்.

அண்ணி இறந்துபோன பிறகு அண்ணன் சர்ச்சுக்குப் போகத் தொடங்கினார். ஒரே நாளில் மாறிவிடவில்லை. முதலில் குடி கசந்தது. பிறகு சிகரெட் வாடையே குமட்டுகிறது என்றார். ரேடியோவை அணைத்துவிட்டு, போல்ட்டை முடுக்கிக்கொண்டே கீர்த்தனை முணுமுணுத்தார். கடைசியாகப் போனது வசவு.

"எப்படிண்ணே விட்டே?"

"நான் எங்கடா விட்டேன்? ஜெபம் பண்ணப் பண்ண, அதுவா வாய்க்குப் பிடிக்காம போச்சு."

எனக்கு எரிச்சல்தான். ஆனாலும் மனுஷன் நிம்மதியாகத் தூங்குகிறாரே என்று விட்டுவிட்டேன்.

அன்று கியர் பாக்ஸை இறக்கிக்கொண்டிருந்தோம்; நான் வண்டிக்கு அடியில் கிடந்தேன். ஜாக்கி நழுவுவதை அண்ணன் பார்த்துவிட்டார்.

"தம்பி! தம்பி!"

"டீயை அப்படி வைண்ணே, வர்றேன்" என்றேன்.

இடது கையில் மூன்று விரல்கள் போய்விட்டன.

ஆஸ்பத்திரியில் என் கட்டிலருகே உட்கார்ந்த அண்ணன் பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

"பட்டறைய மூடிடலாம்டா. பழைய வாய் இருந்திருந்தா உன் கை தப்பிச்சிருக்கும். ஆண்டவர்கிட்ட என்னன்னு கேக்கறதுன்னே தெரியல."

வேறு தொழில் தெரியாத நாங்கள் இருவரும் எங்கே போவோம்?

"மூடறதாவது! ஒரே ஒரு தடவை பழையபடி திட்டிக் காட்டுண்ணே. நாளைக்கே திறந்துடலாம்."

அண்ணன் எழுந்து நின்றார். கழுத்து நரம்பு புடைத்தது. உதடு துடித்ததே தவிர, ஒரு சொல் வரவில்லை.

"வரலையேடா" என்று விம்மினார்.

"போகட்டும் விடு. இனிமே நீ எப்படிக் கூப்பிட்டாலும் நான் வெளியே வந்துடறேன்." சொல்லும்போதே எனக்கும் அழுகை வந்துவிட்டது.

முகத்தைத் துடைத்துக்கொண்டு வெளியே போனார். நான் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டேன். கொஞ்ச நேரத்தில் முதுகுக்குப் பின்னால் அவர் குரல் மெதுவாகக் கேட்டது.

"தம்பி."

அலறிக்கொண்டு கையை வெடுக்கென்று இழுத்தேன். முழங்கை பட்டு, அவர் சட்டையிலெல்லாம் சூடாகக் கொட்டியது.

"டீதான்டா" என்றார் அண்ணன். "டீதான்."