கொஞ்ச தூரம்தான்

ஷஹாத்தாவின் மைக்ரோபஸ்ஸுக்குப் பின்னால் வண்டி இழுத்து வந்த மித்வல்லியின் கழுதை, கால்வாய்ப் பாலத்தருகே செத்துப்போனது. அதற்குப் பிறகும் நான்கு கிலோமீட்டர் நடந்து, தசூக் நகரச் சந்தையை அடைந்து, தக்காளிக் கூடைகள் இறங்கி முடித்த பிறகுதான் கீழே விழுந்தது. கால்நடை வைத்தியர் வந்து பார்த்து, உயிர் போய் ஒரு மணி நேரம் ஆகிறது என்று தாளில் எழுதிக் கையெழுத்துப் போட்டார். அன்று தக்காளி கிலோ நான்கு பவுண்டு. மித்வல்லி முதலில் சரக்கை விற்றான், பிறகு கழுதைக்காக அழுதான். அந்த வரிசையில்தான்.

எங்கள் ஊரில் யாரும் இதற்குப் பெரிதாக அதிசயப்படவில்லை. ஷஹாத்தாவின் வண்டிக்குப் பின்பக்கம், கண்ணாடிக்குக் கீழே, தடித்த மஞ்சள் பெயின்ட்டில் எழுதியிருந்தது: 'கொஞ்ச தூரம்தான். வந்துட்ட.' ஓடுகிற வண்டிக்குப் பின்னால் அதைப் பார்த்தபடி வருகிறவர்கள் போக வேண்டிய இடத்துக்குப் போய்ச் சேர்ந்துவிடுவார்கள். வண்டி நின்றுவிட்டால் அது வெறும் பெயின்ட். கழுதைக்கு எப்படிப் படிக்கத் தெரிந்தது என்று கேட்காதீர்கள். வைத்தியரும் அதைப் பற்றி ஒன்றும் எழுதவில்லை. டீசல் தீர்ந்த டிராக்டர் ஒன்று பதினோரு கிலோமீட்டர் பின்னால் வந்தது. கணக்கில் மூன்று வருடம் தோற்ற வஜீஹ், தேர்வு வாரம் முழுக்க சைக்கிளில் பின்னாலேயே போய் எண்பத்திரண்டு மதிப்பெண் வாங்கினான். வண்டியில் எழுதியது குற்றம் என்று சொல்லி, ஸ்டேஷன் வரை மோட்டார் சைக்கிளில் பின்தொடர்ந்த போக்குவரத்து அதிகாரி, ஸ்டேஷனைத் தாண்டிப் போய், ஆறு வருடமாகக் கேட்கத் தயங்கிய விதவையின் வாசலில் இறங்கிப் பெண் கேட்டார். அபராதம் போட மறந்துவிட்டார். அந்தத் திருமணத்தில் எங்களுக்கெல்லாம் வாத்துக்கறி கிடைத்தது.

அந்த எழுத்து வந்த விதம் இதுதான். எங்கள் பக்கத்து டிரைவர்கள் வண்டியின் முதுகில் பிள்ளைகளின் பெயரை எழுதிக்கொள்வார்கள். ஷஹாத்தாவுக்கு ஒரே பிள்ளை, ஷாதி. பதினோரு வயதில், ஒரு ஆகஸ்ட் மத்தியானம், கால்வாயில் குளிக்கப் போனவன் திரும்பவில்லை. தகப்பன் அப்போது தசூக்குக்கு ஆள் ஏற்றிப் போயிருந்தான். நாற்பதாம் நாள் முடிந்ததும் அவன் பெயின்டர் ஃபங்கரியிடம் வண்டியை விட்டு, "பேர அழிச்சிடு" என்றான். ஃபங்கரி பெயரைச் சுரண்டிப் பார்த்தார், மனம் வரவில்லை. அதன் மேலேயே மஞ்சளை அடித்து, கைக்கு வந்ததை எழுதிவிட்டார். கூலி வாங்கவில்லை. ஷஹாத்தாவும் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்கவில்லை. ஓட்டுகிறவன் தன் வண்டியின் முதுகை எங்கே பார்க்கப் போகிறான்?

ஊரையே கொண்டுபோய்ச் சேர்த்தவனால் ஓர் இடத்துக்கு மட்டும் போக முடியவில்லை. அடக்கம் செய்த அன்று கபர்ஸ்தான் வாசல் வரை பாடையைச் சுமந்தான். வாசலில் கால் நின்றுபோனது. அங்கிருந்து பையனின் கபர் நாற்பத்திரண்டு அடி. ஏழு வருடத்தில் அவன் ஓர் அடியும் வைக்கவில்லை. நாங்கள் சும்மா இருக்கவில்லை. எங்கள் வழக்கப்படி "பலமா இரு ஷஹாத்தா" என்றோம், அவனும் வழக்கப்படி "பலம் இறைவன்கிட்டதான்" என்றான். இமாம் மூன்று வெள்ளிக்கிழமை பொறுமையைப் பற்றியே பேசினார், அதுவும் அவனையே பார்த்துக்கொண்டு. நல்ல வார்த்தைகள்தான். அவன் காலுக்கு மட்டும் அவை கேட்கவில்லை. "வண்டிய நான் ஓட்டுறேன், நீ பின்னால நடந்து வா" என்று மித்வல்லி சொன்னபோது, "என் கியர் என் கைக்குத்தான் மடங்கும். நீ கழுதைய செத்த பிறகும் விடாம ஓட்டுனவன், உன்கிட்ட வண்டியக் குடுப்பனா" என்றான். அவனுக்குப் பயம். வேறொன்றுமில்லை.

ஒவ்வொரு பெருநாள் காலையிலும் ஊர்ப் பெண்களைக் கபர்ஸ்தானுக்கு ஏற்றிப் போவான். கபர்மேல் வைக்கப் பேரீச்ச ஓலைக் கட்டுகள் வண்டிக் கூரையில், ஏழைகளுக்குக் கொடுக்க எள் தூவிய ரொட்டிகள் அவர்கள் மடியில். எல்லோரும் உள்ளே போவார்கள். ஷஹாத்தா வாசலில் நின்று முகப்பு விளக்கைத் துடைப்பான். எகிப்திலேயே அவ்வளவு பளபளப்பான விளக்கு வேறில்லை. அவன் மனைவி ஹுஸ்னிய்யா தனியே போய் மகனருகில் உட்கார்ந்துவிட்டு வருவாள். ஏழாம் வருடப் பெருநாள் ஒன்றில் அவள் முழங்கால் வீங்கியிருந்தது.

"அடுத்த தடவ என்னால அந்த நாப்பத்திரண்டு அடிகூட நடக்க முடியாது, அபு ஷாதி" என்றாள். ஷாதியின் தகப்பன் என்ற அந்தப் பெயரில் அவனை இன்னும் கூப்பிடுகிறவள் அவள் ஒருத்திதான். "நானும் வரலேன்னா அவன்கிட்ட யாரு வருவா?"

"பாக்கலாம்."

"ஏழு வருஷமா பாத்துக்கிட்டுதான் இருக்க."

அவன் வாசலில் வண்டியை நிறுத்தி, மற்ற பெண்கள் இறங்கியதும், இன்ஜினை ஓடவிட்டபடியே, பக்கவாட்டு ஏணியில் ஏறி ஓலைக்கட்டுகளை இறக்கினான். கடைசிக் கட்டை இரண்டு கையாலும் அணைத்துக்கொண்டு தரையில் கால் வைத்தபோது வண்டி நகர்ந்தது. ஸ்டியரிங்கில் ஹுஸ்னிய்யா. இருபது வருடம் அவன் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து வந்தவள். முதல் கியர் போட மட்டும் கற்றிருந்தாள். பிரேக் எதுவென்று அவளுக்குத் தெரியாது, தெரிந்துகொள்ள அவள் விரும்பியதாகவும் தெரியவில்லை.

வண்டி வாசலில் இடதுபக்கக் கண்ணாடியை உதிர்த்துவிட்டு, கபர்களுக்கு நடுவே போகும் சந்தில் நுழைந்தது. ஷஹாத்தா ஓலைக்கட்டோடு பின்னாலேயே ஓடினான். "க்ளச்ச மிதி! ஏய், உம்மு ஷாதி, க்ளச்ச மிதிடி, பல்சக்கரம் போயிடும்" என்று கத்தினான். ரொட்டி பங்கு வைத்துக்கொண்டிருந்த நாங்கள் ஒதுங்கி வழிவிட்டோம். முதல் கியரில் வண்டி ஆள் நடக்கிற வேகத்தில்தான் போகும். ஓடுவதற்கு அவசியமில்லை என்று அவனுக்குச் சீக்கிரமே தெரிந்துபோனது. கத்தலை நிறுத்தினான். கண்ணுக்கு நேரே, வெயிலில், மஞ்சள் எழுத்து போய்க்கொண்டிருந்தது. அதைப் படித்தான். மஞ்சளுக்கு அடியில், ஃபங்கரி சுரண்டிய கீறல்களுக்குள், நீலத்தில் இன்னொரு எழுத்து புடைத்திருப்பதையும் பார்த்தான். முழுக்கப் படிக்க வேண்டியிருக்கவில்லை; அவன் வைத்த பெயர்தான். அழுதுகொண்டே நடந்தான். ஓலைக்கட்டைக் கீழே போடவில்லை.

நாற்பத்திரண்டாவது அடியில் இன்ஜின் இரண்டு முறை குலுங்கி நின்றது. ஹுஸ்னிய்யா கதவைத் திறந்து, வீங்கிய காலை மெதுவாக ஊன்றி இறங்கினாள்.

"கண்ணாடி போச்சு" என்றான் ஷஹாத்தா.

"போகட்டும். வந்துட்டல்ல."

அவன் குனிந்து ஓலையைப் பிரித்து மகனின் கபர்மேல் வைத்தான். பிறகு அதன் பக்கத்தில் உட்கார்ந்து, ஏழு வருடச் செய்திகளைச் சொன்னான்: டிராக்டர், வஜீஹின் மதிப்பெண், அதிகாரியின் கல்யாணம். கழுதை சமாச்சாரத்தை இரண்டு தடவை சொன்னான். பையனுக்குக் கழுதைகள் பிடிக்கும். மத்தியானத் தொழுகைக்கு, லுஹருக்கு, பாங்கு சொல்லும்வரை எழுந்திருக்கவில்லை. மற்ற பெண்கள் வீட்டுக்கு நடந்துதான் போனார்கள், யாரும் முணுமுணுக்கவில்லை.

அதற்குப் பிறகு ஒவ்வொரு பெருநாளிலும் வாசலில் ஹுஸ்னிய்யா ஸ்டியரிங்குக்கு மாறுவாள், ஷஹாத்தா ஓலைக்கட்டோடு பின்னால் நடப்பான். மூன்றாவது கண்ணாடி உடைந்ததும் ஊர் கமிட்டி கூடி, கபர்ஸ்தான் வாசலை இரண்டு சாண் அகலப்படுத்தியது. சென்ற குளிர்கால மழையில் மஞ்சள் பெயின்ட் உரிந்துவிட்டது. இப்போது வண்டியின் முதுகில் 'ஷாதி' என்று மட்டும் இருக்கிறது. திரும்ப எழுதித் தரட்டுமா என்று ஃபங்கரி கேட்டதற்கு, ஷஹாத்தா வேண்டாம் என்று சொல்லிவிட்டான். பின்னால் வருகிறவர்கள் முன்போலவே போய்ச் சேர்கிறார்கள்.