வெலீயிட்டிக்கு ஒரு வாக்கியம்

அந்த அகராதி அலுவலகத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஆங்கிலச் சொல்லுக்குத் தமிழில் பொருள் எழுதிவிட்டால் வேலை முடிந்துவிடாது. அந்தச் சொல் எப்படிப் புழங்குகிறது என்று காட்ட ஒரு வாக்கியமும் எழுத வேண்டும். எழுதிய சீட்டு எதிர் மேசைக்குப் போகும். அங்கே இருக்கும் அம்மாள் வாக்கியத்தில் அந்தச் சொல்லை மட்டும் கட்டைவிரலால் மறைத்துக்கொண்டு படிப்பார். மறைந்த இடத்தில் அந்த ஒரு சொல்தான் உட்கார வேண்டும். வேறு சொல்லும் உட்காருமானால் சீட்டு திரும்பி வந்துவிடும். முப்பது வருஷமாக இப்படி மறைத்து மறைத்து அவருக்கே 'கட்டைவிரல்' என்று பெயர் விழுந்துவிட்டது. அவருக்கும் அது தெரியும்.

அவர் எதிரே உட்கார்ந்திருந்தவனுக்குப் பெயர் 'அகராதி'. இது அலுவலகத்தில் வந்த பெயர் இல்லை. ஆறு வயதில், வீட்டுக்கு வருகிறவர்களின் பேச்சையெல்லாம் மூக்கை நுழைத்துத் திருத்திக்கொண்டிருந்தவனுக்கு அக்கா வைத்த பெயர். பிற்பாடு அவனுக்கு இந்த வேலையே கிடைத்தபோது அக்கா சிரித்த சிரிப்பு தெருமுனை வரை கேட்டது. ஒருமுறை அவள் அலுவலகத்துக்குப் பேசி, "அகராதி இருக்கானா?" என்று கேட்க, தொலைபேசியை எடுத்தவர், "எந்தப் பதிப்பும்மா வேணும்?" என்று கேட்டது இன்றைக்கும் அங்கே ஓடிக்கொண்டிருக்கிற கதை.

அந்த மாதம் ஆங்கில வி எழுத்தில் இருந்தார்கள். அவன் பங்குக்கு வந்த சீட்டுகளில் ஒன்று 'வெலீயிட்டி'. அரிதான சொல். 'விரும்பு' என்று பொருள்படும் லத்தீன் வினையிலிருந்து பிறந்து, பழைய சமய நூல்களிலும் தத்துவ நூல்களிலும் புழங்கியது. விருப்பத்தின் மிகக் கீழ்ப் படி அது. ஒன்றைச் செய்ய வேண்டும் என்ற நினைப்பு இருக்கும்; அந்த நினைப்பு கால் விரலைக்கூட அசைக்காது. பேச்சில் யாரும் சொல்வதில்லை. கட்டுரைகளில் எப்போதாவது தலைகாட்டும், அதுவும் பெரும்பாலும் அடுத்தவரைக் குறை சொல்வதற்காக. 'செயலாக மாறும் வலு இல்லாத மெல்லிய விருப்பம்' என்று பொருளை ஒரே மூச்சில் எழுதிவிட்டான். வாக்கியம்தான் வரவில்லை.

"அவருக்கு நீச்சல் கற்க வேண்டும் என்ற இது இருந்தது," என்று கட்டைவிரல் படித்தார். "ஆசைன்னு போட்டாலும் நிக்குதே சார்?"

"கடைசி வரைக்கும் கத்துக்கலன்னு சேத்துட்டா?"

"சோம்பல் வந்து உக்காந்துக்கும்."

"அடுத்த வருஷம் பாத்துக்கலாம்னு இருந்தார்..."

"அது ஒத்திப்போடறது. ஒத்திப்போடறவனுக்கு உள்ளுக்குள்ள குத்திக்கிட்டே இருக்கும் சார். இதுல குத்தாது. நெனச்சதுமே பாதி செஞ்சுட்ட மாதிரி ஒரு நிம்மதி வந்துரும். அந்த நிம்மதி வாக்கியத்துல தெரியணும்."

சீட்டு மூன்றாவது முறையாக அவன் மேசைக்குத் திரும்பியது. அந்தத் திங்கட்கிழமை மதியம்தான் அக்கா பேசினாள்.

"டேய் அகராதி, வேலையா, இல்ல வேலை மாதிரியா?"

"சொல்லுக்கா."

அக்கா ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில், வில்லைகளைச் சட்டத்துக்குத் தக்கபடி தேய்த்துப் பொருத்துகிறவள். அவள் ஊர் பஸ்ஸில் மூன்று மணி நேரம். இரண்டு வாரம் முன்பு அவள் வயிற்றிலிருந்து கொஞ்சம் சதையெடுத்துச் சோதனைக்கு அனுப்பியிருந்தார்கள். முடிவு வந்துவிட்டது, வியாழக்கிழமை பதினோரு மணிக்கு டாக்டர் வரச் சொல்லியிருக்கிறார்.

"அந்த டாக்டரு நல்ல மனுசன்தான். ஆனா நாலு வார்த்தை பேசுனா மூணு இங்கிலீசு. எனக்குப் பாதிதான் ஏறுது. உங்க அத்தானைக் கூட்டிட்டுப் போகலாம்னா, அந்த மருந்து வாசனைக்கே சுவத்தைப் புடிச்சுக்கிறாரு. போன தடவை என்னை விட்டுட்டு அவருக்குத்தான் நர்ஸு தண்ணி குடுத்துச்சு."

அவன் சிரித்தான்.

"நீ வந்து பக்கத்துல உக்காந்தா போதும்டா. அவரு சொல்றதைக் கேட்டு எனக்குப் புரியற மாதிரி திருப்பிச் சொல்லு. உன் பொழப்பே அதானே?"

"வரணும்னுதான்க்கா இருக்கேன்."

"இருக்கேன்னா? வர்றியா, இல்லையா?"

"வர்றேன்க்கா. வி எழுத்து மாசக் கடைசிக்குள்ள முடியணும், அதான் யோசிக்கிறேன்."

"வியா? இன்னும் நாலு எழுத்துதானே பாக்கி. முடிச்சிட்டு ஒரேயடியா வர்றதுக்கு நான் இருக்கணுமே." பிறகு அவளே பேச்சை மாற்றினாள். "இப்ப எந்த வார்த்தையைப் போட்டு அறுத்துக்கிட்டிருக்க?"

சொன்னான்.

"என்னடா அது, சோப்புப் பேரு மாதிரி இருக்கு?"

பொருளை விளக்கினான். அவள் முழுக்கக் கேட்டாள்.

"இதுக்குப் போயி ஒரு சீட்டு, ஒரு ஆபீசா! நம்மாளுங்க 'பாக்கலாம்'னு சொல்லி முடிச்சிட மாட்டாங்களா? சரி, வியாழக்கிழமை. பதினொண்ணு. மறந்துடாதே."

அவன் மறக்கவில்லை. தலைமைப் பதிப்பாசிரியரிடம் செவ்வாய்க்கிழமையே விடுப்புக் கேட்டான், விஷயத்தைச் சொன்னதும், "உடனே போயிட்டு வாப்பா, எழுத்தெல்லாம் எங்கே ஓடிடப் போகுது?" என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டார். வியாழக்கிழமை காலை ஏழு மணி பஸ்ஸுக்கு ஆறு மணிக்கே சட்டையெல்லாம் மாட்டிக்கொண்டு, செருப்பும் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தான். மழை இல்லை. காய்ச்சல் இல்லை. ஒரு தடையாவது இருந்திருந்தால் பிற்பாடு அவனுக்கு அது எவ்வளவோ உதவியிருக்கும். தேநீர் குடிக்கும் நேரத்துக்குள் ஒரு வாக்கியம் போட்டுப் பார்க்கலாமே என்று நோட்டை எடுத்தான். எழுதினான், அடித்தான், எழுதினான். நிமிர்ந்தபோது ஏழு ஐந்து. அடுத்த பஸ் எட்டு மணிக்கு. அதில் ஏறினால் இறங்கும்போதே பதினொன்று; அங்கிருந்து ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேரப் பதினொன்றரை. பாதியில் போய் நின்று என்ன ஆகப் போகிறது என்று தோன்றியது. அக்காவுக்குப் பேசி வரவில்லை என்று சொல்லிவிட வேண்டும் என்றும் தோன்றியது. சொல்லவில்லை. செருப்புப் போட்ட கால் அலுவலகத்துக்குப் போயிற்று.

"என்ன சார், லீவுன்னாங்க?" என்றார் கட்டைவிரல்.

"அப்புறமாப் போகலாம்னு மேடம்."

ஒரு மணிக்கு அக்காவின் அழைப்பு வந்தது. ஏன் வரவில்லை என்று அவள் கேட்கவில்லை.

"டேய், ஒரு வார்த்தைக்கு அர்த்தம் சொல்லு. டாக்டரு சீட்டுல எழுதியிருக்காரு, இனிமே இந்த வைத்தியம்தானாம். கேட்டுக்க. பி, ஏ, ரெண்டு எல், ஐ, ஏ, டி..."

அவன் கையில் வேறொரு சீட்டு இருந்தது, கண் அதன் மேல் இருந்தது. இரண்டு வருஷம் முன்பு பி எழுத்து வேலையில் அந்தச் சொல்லுக்குப் பொருள் எழுதியவன் அவனேதான். அவள் எழுத்துக்கூட்டி முடிப்பதற்குள் வாய் தானாகச் சொல்லிவிட்டது:

"பாலியேட்டிவ். பெயரடை. நோயைக் குணப்படுத்தாமல் வேதனையை மட்டும் தணிக்கிற."

தினமும் நாலு வாசகர்களாவது தொலைபேசியில் சொல் கேட்பார்கள். அவர்களுக்குச் சொல்கிற அதே குரல், அதே வேகம். சொல்லி முடித்த பிறகுதான், யாருக்குச் சொன்னோம் என்பது அவனுக்கு உறைத்தது.

மறுமுனையில் பேனா கீறுகிற சத்தம். அவள் எழுதிக்கொண்டிருந்தாள்.

"பெயரடைன்னா? அது வேற தனியா இருக்கா?"

"இல்லக்கா, அது இலக்கணம். உனக்கு ஒண்ணும் இல்ல. அக்கா..."

"சரிடா. புரிஞ்சுடுச்சு. டாக்டரு சுத்தி வளைச்சு இருபது நிமிசம் சொன்னாரு. நீ ஒரே வரியில சொல்லிட்ட." குரலில் குத்தல் இல்லை. "ஆறு மாசம்னு ஒரு கணக்கு சொல்றாரு. பயப்படாத, ஆறு மாசம்ங்கிறது நெறைய."

"நான் சனிக்கிழமை வந்துடறேன்க்கா. கண்டிப்பா."

"வாடா. வந்தா நல்லாத்தான் இருக்கும்."

மறுநாள் காலை வந்ததும் அவன் எழுதிய முதல் வாக்கியம் இது: 'நோயுற்ற அக்காவைப் போய்ப் பார்க்க வேண்டும் என்ற வெலீயிட்டி அவனுக்கு வாரம் முழுவதும் இருந்தது, ஆனால் அதற்காக அவன் பஸ் நிலையம் வரைகூட நடக்கவில்லை.'

கட்டைவிரல் சொல்லை மறைத்துக்கொண்டு படித்தார். இன்னொரு முறை படித்தார்.

"நிக்குது சார். ஆசைன்னு போட்டா பொய்யாத் தெரியுது. சோம்பல்னு போட்டா ஒட்டவே மாட்டேங்குது. எங்கேருந்து புடிச்சீங்க?"

"வந்துச்சு மேடம்."

அவர் அவனைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு கீழே தம் சுருக்கொப்பத்தைப் போட்டுச் சீட்டைப் பெட்டியில் சேர்த்தார்.

அன்று சாயங்காலம் அவனுக்கு மனசு அவ்வளவு லேசாக இருந்தது. தன்னைத் தானே நாலு வார்த்தை கேட்டுக்கொண்டாயிற்று, அதுவும் அச்சில் ஏறப்போகிற எழுத்தில். நெஞ்சில் ஏதோ இறக்கி வைத்தது போலிருந்தது. குற்றத்தை இத்தனை துல்லியமாக எழுதத் தெரிந்தவன் அதிலிருந்து பாதி விடுபட்டவன்தானே என்றுகூட ஒரு நினைப்பு ஓடியது. அந்த லேசான மனசோடு சனிக்கிழமை துணி துவைத்தான். ஞாயிற்றுக்கிழமை அலமாரியை ஒழுங்குபடுத்தினான். ஆறு மாசம் இருக்கிறது. வி முடிந்ததும் ஒரு வாரம் போய் அங்கேயே தங்கிவிடலாம்.

ஆறு மாசம் இருக்கவில்லை. டாக்டரைப் பார்த்த பதினோராம் நாள் காலை, அக்கா வேலைக்குக் கிளம்பத் தலை சீவிக்கொண்டிருந்தபோது, நுரையீரலில் ரத்தம் கட்டிக்கொண்டு விழுந்துவிட்டாள். ஆஸ்பத்திரி வாசலை எட்டும் முன்பே எல்லாம் முடிந்துவிட்டது. அத்தான் பேசி வைத்த பத்தாவது நிமிஷம் அவன் பஸ்ஸில் இருந்தான். ஒற்றைச் செருப்பின் வார் பிய்ந்திருந்ததுகூடத் தெரியாமல் பஸ் நிலையத்துக்கு ஓடியிருக்கிறான். இந்தக் கால்கள்தானே அன்றைக்கும் இருந்தன என்று வழியெல்லாம் குனிந்து அவற்றையே பார்த்துக்கொண்டு போனான்.

அந்த வாக்கியம் இன்றும் அகராதியில் இருக்கிறது. அச்சுத் திருத்தப் படிகள் வந்தபோது கட்டைவிரல் அந்தப் பக்கத்தில் எதையும் மறைத்துப் பார்க்கவில்லை. தாளை அவன் பக்கமாக நகர்த்தி வைத்தார்.

"மாத்திக்கலாம் சார். நீச்சலையே கொஞ்சம் இழுத்துப் புடிச்சு எழுதிடலாம். வெள்ளிக்கிழமை வரைக்கும் நேரம் இருக்கு."

மாற்ற வேண்டும் என்றுதான் அவனும் நினைத்தான்.

அக்கா போய் ஒரு மாதம் கழித்து அத்தான் கூப்பிட்டார். ஆஸ்பத்திரியிலிருந்தும் அக்கா வேலை பார்த்த கடையிலிருந்தும் ஏதேதோ படிவங்கள் வந்திருக்கின்றன, எல்லாம் இங்கிலீஷில் இருக்கிறது, வந்து நிரப்பிக் கொடுக்க முடியுமா என்றார். அவன் மறுநாள் விடிந்ததும் போய் நின்றான்.

அத்தான் பார்சல் வண்டி ஓட்டுகிறவர், பெரிய கைகள். அந்தக் கைகளால் படிவங்களை ஒவ்வொன்றாகப் பையிலிருந்து எடுத்துச் சாப்பாட்டு மேசையில் பரப்பினார். அவன் பேனாவைத் திறந்தான். இரண்டு தாள் முடிந்திருக்கும்.

"அன்னைக்கு நானும் போனேன் மாப்ள, டாக்டரைப் பாக்க," என்றார். "உள்ளே போகல. வராண்டாவுல காத்தாட நின்னேன். உங்க அக்கா கதவு வழியாத் தெரிஞ்சா. இவ நம்பரைக் கூப்பிட்டாங்க. எனக்கு அடுத்து இருக்கறவங்களை அனுப்புங்க, என் தம்பி வந்துக்கிட்டிருக்கான்னுட்டா. அப்படியே நாலு பேரை விட்டுட்டா. பக்கத்து நாற்காலியில யாரும் உக்காந்துடக் கூடாதுன்னு பையைத் தூக்கி வெச்சுக்கிட்டா. நர்ஸு வந்து சத்தம் போடுது. அதுகிட்டயே பெருமை பேசறா. என் தம்பி அகராதி எழுதறவன், உங்க டாக்டரு எந்த வார்த்தையைச் சொன்னாலும் அவனுக்குத் தெரியும், கொஞ்சம் பொறுங்கங்கிறா."

அவன் பேனா நின்றுவிட்டது.

"பன்னெண்டு வரைக்கும் பாத்தா. அப்புறம் தனியாத்தான் உள்ள போனா. வீட்டுக்கு வர்ற வழியில நான்தான் சொன்னேன், பையனுக்கு ஏதோ தலை போற வேலை வந்திருக்கும், இல்லன்னா வராம இருப்பானான்னு. அவளும் அதேதான் சொன்னா." அத்தான் ஒரு தாளை எடுத்து அதன் ஓரத்தை நீவினார். "என்ன வேலை மாப்ள அன்னைக்கு?"

எத்தனையோ சொற்கள் வாய்க்குள் வரிசையாக வந்து நின்றன. கெடு. அவசரம். அனுமதி மறுப்பு. ஒவ்வொன்றும் வாக்கியத்தில் கச்சிதமாக உட்கார்ந்திருக்கும்.

"வேலை ஒண்ணும் இல்லத்தான்."

அத்தானுக்குப் புரியவில்லை. "பஸ் கிடைக்கலையா?"

"கிடைச்சிருக்கும். லீவும் குடுத்திருந்தாங்க. கிளம்பித்தான் உக்காந்திருந்தேன்."

"அப்புறம்?"

"போகலத்தான்."

அத்தான் அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். கோபம் வரும் என்று அவன் காத்திருந்தான். வந்தால் தேவலை என்றிருந்தது. அது வரவில்லை.

"ஏதோ ஒரு வேலை இருந்துச்சுன்னு சொல்லிடேன் மாப்ள," என்றார். கெஞ்சுவது போலத்தான் இருந்தது. "நான் அவகிட்ட அப்படித்தானே சொன்னேன்."

அவன் பேனாவை மூடினான்.

அத்தான் மேசை மேலிருந்த படிவங்களை ஒவ்வொன்றாக எடுத்து அடுக்கினார். அவன் எழுதி முடித்தவை, எழுதாதவை எல்லாவற்றையும் சேர்த்துத் தட்டிச் சீராக்கிப் பைக்குள் வைத்தார்.

"மிச்சத்தை நான் வேற யார்கிட்டயாவது குடுத்து எழுதிக்கிறேன். உனக்கு மத்தியான பஸ்ஸுக்கு நேரமாயிடும்ல?"

கோபத்தில் சொல்லவில்லை. சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துத்தான் சொன்னார்.