பல்பு எரியாத மைக்

எங்கள் தெரு தங்கம்மாளின் மகள் கண்ணாத்தாள் சென்னைக்குப் போய் ஏழெட்டுக் கதாநாயகிகளுக்கு அழுது கொடுத்தாள். தொடர்களில் வாயசைப்பது யாரோ, விசும்புவது இவள். அப்புறம் பொம்மைப் படத்தில் ஜிம்மு என்ற வாத்துக்குப் பேசினாள். அதில்தான் பெயர் வந்தது. பெயர் என்றால் அவள் பெயர் இல்லை. கண்ணாத்தாள் எடுபடாது என்று கயல்ஸ்ரீ ஆக்கிவிட்டார்கள். ராத்திரிப் பள்ளியில் எழுத்துக்கூட்டப் பழகியவன் நான். படித்து முடிப்பதற்குள் அரசாங்கம் கொடுத்த டிவியில் அந்தப் பெயர் ஓடியே போய்விடும். வாத்தையாவது பார்ப்போமென்றால், நன்னிலம் பக்கம் வயலில் மேயும் எந்த வாத்தும் அப்படிக் கொஞ்சிப் பேசிக் கேட்டதில்லை.

ஒரு பொங்கலுக்கு அவள் வந்தபோது என் பெண்சாதி அம்சம் கேட்டாள்.

“ஏண்டி, நாள் பூரா அழுதா தொண்டை கட்டாதா?”

“ரெக்கார்டிங் ரூம்ல சிவப்பு பல்பு எரியற வரைக்கும்தான் அழுகை, அத்தை. அணைஞ்சா டீ குடிக்கப் போயிடுவோம். பல்பு எரியாதப்போ என்ன பேசினாலும் கணக்குல வராது.”

“பண்ணை வூட்டுல பல்பே கெடையாதுடி. வாயத் தொறந்தது பூரா கணக்குதான். அடி வுழும்.”

அந்தப் பண்ணையோடு மல்லுக்கு நின்று, அடிபட்டு, ஜெயிலுக்கும் போய்த்தான் ஆளுக்கு ஒரு மா, அதாவது ஏக்கரில் மூன்றில் ஒரு பங்கு, நிலத்துக்குப் பட்டா வாங்கினோம். அதற்குள் ஆட்சி பலமுறை கைமாறியது. ஏழைகளுக்காக மேடையில் அழுதவர்கள் கண்ணாத்தாளை விட நன்றாகவே அழுதார்கள்.

இப்போது அந்த நிலத்துக்கடியில் எரிவாயுக் குழாய் பதிக்க ஒரு கம்பெனி வந்து நின்றது. தங்கம்மாளின் ஒரு மா நட்டநடுவில். அவள் சம்மதக் கையெழுத்துப் போட்டால் ஊரே போட்டுவிடும் என்று கம்பெனிக்குத் தெரியும்.

முதலில் ஆட்டோவில் மைக் கட்டி அனுப்பினார்கள். “அன்பார்ந்த விவசாயப் பெருமக்களே, வளர்ச்சியை வரவேற்போம்” என்று தேன் ஒழுகியது. “ஜிம்மு வாத்து, ஜிம்மு வாத்து” என்று பிள்ளைகள் ஆட்டோவுக்குப் பின்னால் ஓடின. நாற்றுப் பறித்துக்கொண்டிருந்தவர்கள் நிமிர்ந்து சிரித்தார்கள். தங்கம்மாள் சிரிக்கவில்லை. மகளுக்கு போன் போட்டாள்.

“பேப்பர்ல இருந்ததைப் படிச்சேம்மா. எந்த ஊருக்குன்னு யாரும் சொல்லல.”

“வாயை வாடகைக்கு வுட்டே, சரி. காதையுமா வுட்டே?”

ஊர் சிரித்தது கம்பெனி மேனேஜர் காதுக்கும் போனது. அவர் புத்திசாலி, அவரே அப்படித்தான் சொல்லிக்கொள்வார். ஊர்ப் பெண்ணையே மேடையேற்றினால் காரியம் முடியும் என்று, பள்ளிக்கூட மைதானத்தில் பந்தல் போட்டு, பிரியாணிப் பொட்டலம் காட்டிக் கூட்டம் கூட்டினார். கம்பெனிக் காரிலேயே வந்து இறங்கினாள் கண்ணாத்தாள். மைக்கைப் பிடித்து, “விவசாயத்துக்கு ஒரு பாதிப்பும் இல்லை” என்று வாசித்தாள். பிசிறே இல்லை. கம்பெனி ஆட்கள் கைதட்டினார்கள்.

மேனேஜர் பேனா மூடியைக் கழற்றி, முன்வரிசையில் இருந்த தங்கம்மாளிடம் நீட்டினார்.

“உங்க மகளே சொல்லிட்டாங்க. போடுங்கம்மா.”

தங்கம்மாள் மகளை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு பேனாவை வாங்கினாள்.

கண்ணாத்தாள் மேடையோரம் வந்து, மைக்கை மார்போடு அணைத்தபடி தாயிடம் குனிந்தாள்.

“யம்மா, போட்டுத் தொலைக்காத. குழாய் போட்டா அப்பறம் அதுல ஒரு மரம் வைக்க முடியாது, போர் போட முடியாது. கார்ல வரும்போது இவங்களே சொல்லிச் சிரிச்சாங்க.”

தென்னை மரங்களில் கட்டியிருந்த ஒலிபெருக்கிக் குழாய்கள் அத்தனையும் அதை அலறின. வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் மாடு மேய்த்தவனுக்கும் கேட்டது.

மேனேஜர் பல்லைக் கடித்தார். “மேடம், மைக் ஆன்ல இருக்கு.”

கண்ணாத்தாள் மைக்கைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

“பல்பு எரியலையே சார்.”

தங்கம்மாள் பேனாவை மூடி மேனேஜர் சட்டைப்பையில் செருகினாள். “உங்க பேனா பத்திரம் தம்பி.”

அன்றைக்கு ஒருத்தரும் கையெழுத்துப் போடவில்லை. பிரியாணியை மட்டும் ஒருத்தரும் விடவில்லை. கண்ணாத்தாள் திருந்திவிட்டாள் என்று ஊரில் பேசிக்கொள்கிறார்கள். திருந்தவாவது. பல்பு எரிந்திருந்தால் தேன்தான் ஒழுகியிருக்கும். அடுத்த வாரமே டிவியில் வாத்து பழையபடி கொஞ்சியது.

கம்பெனி போய்விட்டது. தென்னையில் கட்டிய ஒலிபெருக்கியை அவிழ்க்கக்கூட ஆள் வரவில்லை. அவர்கள் எங்கள் ஊருக்குப் போட்ட குழாய் அதுதான்.