சிரிப்புக்கு விட்ட இடம்

மறக்கலடா பாவிகளா, அவன் எதையும் மறக்கல!

ஓரத்து நாற்காலியில் இருந்த அக்காவின் மனசுக்குள் அது முட்டி மோதியது. படப்பிடிப்பு என்பதையே இன்றுதான் பார்க்கிறாள். தம்பி விடாப்பிடியாகக் கூட்டி வந்திருந்தான்.

நாடகக் குழுவில் அவனுக்குக் ‘கடைசி வரிசை’ என்று பேர். அவன் முணுமுணுத்தால்கூடக் கடைசி வரிசைக்காரன் கைதட்டுவான். இருபத்திரண்டு வருஷம் பக்கத்திரைக்குப் பின்னால் வசனப் புத்தகத்தோடு நின்றவள் அவள். ஒரு சொல்கூட எடுத்துக் கொடுக்க நேர்ந்ததில்லை.

“நான் நல்லவன்னு ஊரே சொல்லும். நான் ஊர்ல இல்லாதப்ப.” கேமரா முன்னால் இதைச் சொல்லிவிட்டு, தம்பி ஆறாவது முறையாக அப்படியே நின்றான்.

“கட்! ‘என்னை நம்புங்க’, அதான் சார் அடுத்த வரி,” என்றான் உதவி இயக்குநர், குழந்தைக்குச் சொல்வதுபோல. தம்பியின் காதுமடல் சிவந்தது.

இயக்குநர் அவளருகே குனிந்தார். “அக்கா, மத்தியானத்துக்குள்ள சரியா வரலேன்னா வேற ஆளைப் போடச் சொல்றாங்க. நீங்க கேமராவுக்குக் கீழ உட்கார்ந்து எடுத்துக் குடுக்கறீங்களா?”

“அவன் மறக்கல சார். சிரிப்புக்கு இடம் விடறான். ஜனங்க சிரிச்சு அடங்கினாத்தான் அவனுக்கு அடுத்த வரி. இங்க ஒரு ஈ காக்காகூடச் சிரிக்கலையே!”

இயக்குநர் உடனே தம்பியைக் கூப்பிட்டார். “சார், அந்த லைட்காரரைப் பாருங்க. வாயில துண்டைத் திணிச்சுக்கிட்டு நிக்கறார். சத்தம் பதிவாயிடும்னு நாங்க எல்லாருமே பல்லைக் கடிச்சுக்கிட்டிருக்கோம்.”

“அட, சிரிக்கிறீங்களா? சொல்லித் தொலைக்கக் கூடாதா! என் பொழப்பே போச்சுன்னுல்ல நெனச்சேன்.”

ஏழாவது முறை அவன் நடித்ததை அவள் இயக்குநரின் மானிட்டர் திரையில் பார்த்தாள். பக்கத்திரையிலிருந்து அவளுக்கு எப்போதும் அவனுடைய பாதி முகம்தான். முழு முகம் இன்றுதான் வாய்த்தது. அந்த வரிக்குப் பிறகு அவன் நிற்கவில்லை. இமை ஒரு தரம் தாழ்ந்தது, அவ்வளவுதான். தான் நல்லவன் இல்லை என்று அவன் நடித்த அந்த மனிதனுக்கே தெரியும் என்பது அதில் இருந்தது. ஆயிரம் பேர் சிரிப்பில் இத்தனை நாள் இது எங்கே போயிருந்தது?

‘கட்’ என்றதும் லைட்காரர் துண்டை உருவிவிட்டு வாய்விட்டுச் சிரித்தார்.

தம்பி ஓடி வந்தான். “எல்லாம் நீ இருந்ததாலதான்க்கா. படம் முடியற வரைக்கும் தினம் வந்துடு. நீ இல்லாம என்னால ஆகாது.”

அவன் மனசாரத்தான் சொன்னான். ஆனால் கடைசி முறை நடித்தபோது அவன் ஒரு தடவைகூட அவள் பக்கம் திரும்பவில்லை. அது அவனுக்குத் தெரியாது, அவள் பார்த்திருந்தாள். கொஞ்சம் வலித்தது. பெருமையாகவும் இருந்தது. எது அதிகம் என்று அவள் ஆராயவில்லை.

“இல்லடா,” என்றாள், அவன் தோளில் கை வைத்து. “நாளைக்கு நான் வரல.”