தொட்டிலுக்கு வைத்த விளக்கு

என் அண்ணன் ஒளிப்பதிவாளன். அவன் கேமராவுக்கு ஃபோகஸ் பார்ப்பவள் நான். அவன் கண்கள் இரண்டும் மங்கிக்கொண்டே வருகின்றன. இனிமேல் தேறாது என்று டாக்டர் கையை விரித்து இரண்டு வருடமாகிறது. இது எங்கள் இருவருக்கு மட்டும்தான் தெரியும். வெளியே கசிந்தால் அப்புறம் அவனை எவன் கூப்பிடுவான்? இன்றைக்கு டைரக்டர் காலையிலிருந்தே அவனை ஒரு மாதிரி பார்த்துக்கொண்டிருந்தார். எந்தப் புண்ணியவானோ போட்டுக்கொடுத்திருக்கிறான்.

காட்சி இதுதான்: ஜன்னலோரம் நின்று கதாநாயகி கடிதம் படிக்கிறாள். வெளிச்சத்துக்கு ஜன்னலுக்கு வெளியே ஒரு பெரிய விளக்கு.

“இன்னும் ஏத்துங்க,” என்றான் அண்ணன். லைட்மேன் ஏற்றினார்.

“இன்னும்!”

அவள் முகம் வெளுத்துக்கொண்டே போனது. அண்ணன் மானிட்டரை எட்டிக்கூடப் பார்க்க மாட்டான், அது டைரக்டர்களுக்கான பொம்மையாம். டைரக்டர் அந்தப் பக்கம் திரும்புவதற்குள், ஃபோகஸைச் சரிபார்ப்பவள் போலக் குனிந்து, லென்ஸுக்குள் வெளிச்சம் நுழையும் துவாரத்தை இரண்டு படி அடைத்தேன். முகம் பிழைத்தது. பின்னால் இருந்த அறை முழுவதும் இருட்டில் மூழ்கியது.

கடைசி இரண்டு படங்களிலும் இதே திருட்டுத்தனம்தான். அந்த இருட்டைத்தான் பத்திரிகைக்காரர்கள் ‘துணிச்சல்’, ‘தனி பாணி’ என்று பக்கம் பக்கமாக எழுதித் தள்ளினார்கள். தியேட்டரில் படம் இருட்டாகத் தெரிந்தபோது அண்ணன் தன் கண்ணைத்தான் நொந்துகொண்டான். பாவி நான், பக்கத்திலேயே வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

டேக் முடிந்ததும் டைரக்டர் துள்ளி எழுந்தார். “பிரமாதம் சார்! மூலையில தொட்டில் இருக்கறதே தெரியல. இந்த இருட்டு உங்களுக்கு மட்டும்தான் வரும்!”

அண்ணன் சிரிக்கவில்லை. “தொட்டில் தெரியலையா? அதுக்குன்னே தனியா ஒரு லைட் வெச்சேனே.”

அண்ணன் மெல்ல என் பக்கம் வந்தான்.

“நீ அடைச்சியா?”

முழுப் பூசணிக்காயை எத்தனை நாளைக்குத்தான் சோற்றில் மறைப்பது? “ஆமாண்ணா.”

“எத்தனை நாளா?”

“போன ரெண்டு படமும்... உனக்காகத்தாண்ணா.”

ஓங்கி ஒரு அறை விட்டிருந்தால்கூடத் தேவலை. அவன் கேமரா ஸ்டாண்டைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

“திற,” என்றான்.

“வேணாம்ணா. அவர் பார்த்துட்டே இருக்கார்.”

“நான் வெச்ச அளவுக்குத் திற.”

திறந்தேன். மூலையில் தொட்டில் துலங்கியது. ஆனால் கதாநாயகியின் முகம் ஏறக்குறைய வெறும் வெள்ளை.

“ஐயையோ!” டைரக்டர் பதறினார். “என்ன சார் இது? முகத்தையே காணோமே!”

அண்ணன் மானிட்டரிடம் போனான். மூக்கு இடிக்கிற அளவுக்குக் குனிந்து வெகுநேரம் பார்த்தான்.

“எனக்கு இப்பதான் சார் அவங்க முகம் தெரியுது,” என்றான்.